வேலிக்கு மேலாக வந்த தட்டு



கடந்த கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் போதகர் வீட்டு அடுப்பில் பன்றி இறைச்சி ஆறு மணி நேரம் வெந்தது என்ற செய்தி சபையில் ஏற்கெனவே பரவிவிட்டது. நம்மில் சிலர் அதை உண்பதில்லை என்பதை அறிவேன். யாரையும் வற்புறுத்துவதற்காக இதை எழுதவில்லை. நடந்ததைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை.

மியாமியில் நாங்கள் குடியேறி 11 ஆண்டுகள் ஆகின்றன. அன்று முதல் எங்கள் அண்டை வீட்டில் வாழ்ந்தவர்கள் ஒரு கியூபத் தம்பதியர். ஒவ்வொரு டிசம்பர் 24 அன்று காலையிலும் அவர்களுடைய பின்கட்டில் கரி புகையத் தொடங்கும். கியூப மக்களுக்கு அந்த இரவே பெரிய பண்டிகை. நொச்சேபுவேனா, அதாவது நல்ல இரவு என்பார்கள். உள்ளே தகடு பதித்த மரப்பெட்டியில் முழுப் பன்றியை வைத்து, மூடியின்மேல் கரியைப் பரப்பி வேக வைப்பார்கள். நெருப்பு மேலே, இறைச்சி கீழே. மாலையில் அந்த அம்மையார் வேலியருகே வந்து, அலுமினியத் தாளால் மூடிய தட்டை நீட்டி, "இரவு எங்களோடு வந்து உட்காருங்கள்" என்பார். "ஆராதனை இருக்கிறதே அம்மா" என்பேன். அது பொய்யன்று. ஆனால் நம் ஆராதனை ஒன்பது மணிக்குள் முடிந்துவிடும். அவர்களுடைய பந்தியோ நள்ளிரவைத் தாண்டியும் நடக்கும். அந்தச் சிரிப்பொலி எங்கள் படுக்கையறை வரை கேட்கும்.

அப்போஸ்தலர் நடபடிகள் பத்தாம் அதிகாரத்தை எத்தனையோ முறை பிரசங்கித்திருக்கிறேன். யோப்பா பட்டணத்தில் பேதுரு கண்ட துப்பட்டியும் அதிலிருந்த மிருகங்களும் உணவோடு நிற்கிற காரியமல்ல, கொர்நேலியுவின் வாசலைத் தாண்டி உள்ளே போவதற்காகவே அந்தத் தரிசனம் என்று மேசையைத் தட்டிச் சொல்லியிருக்கிறேன். நான் தட்டை வாங்கினேன், ருசித்து உண்டேன். வாசலை மட்டும் தாண்டவில்லை.

சென்ற ஆகஸ்டில் அந்த அம்மையார் மரித்துப்போனார். அடக்க ஆராதனைக்குச் சென்றேன், பெரியவரின் கையைப் பற்றினேன், திரும்பிவிட்டேன். டிசம்பர் மாதத்தில் ஒரு நாள் என் மனைவி சமையலறை ஜன்னலருகே நின்று, "இந்த வருஷம் அங்கே புகை வராது, இல்லையா?" என்றாள்.

அன்று மாலையே போய்க் கதவைத் தட்டினேன். அந்த இறைச்சியைச் சமைக்க எனக்குக் கற்றுத் தர வேண்டும் என்று கேட்டேன். பெரியவர் வெகுநேரம் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். "கரி மட்டுந்தான் என்னுடையது, பாஸ்டர். மற்றதெல்லாம் அவளுடையது" என்றார். ஆயினும் 23-ஆம் தேதி மாலை, மனைவியின் மர உரலைக் கையில் ஏந்திக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வந்தார்.

முழுப் பன்றிக்கு எங்கள் அடுப்பில் இடமில்லை. தோலோடும் எலும்போடும் கூடிய நான்கு கிலோ தோள்பட்டை இறைச்சி வாங்கியிருந்தேன். இந்தச் சமையலின் உயிர் மோஹோ என்னும் சாறு. முதலில் இரண்டு முழுப் பூண்டுகளை உரித்து, கல்லுப்பும் சீரகமும் மிளகும் சேர்த்து உரலில் இடிக்க வேண்டும். பூண்டைக் கத்தியால் நறுக்கினால் போதாதா என்று கேட்டேன். அவர் பதிலே சொல்லவில்லை. பிறகு உலர்ந்த ஒரேகனோ இலை. எங்கள் தொட்டியில் வளரும் கற்பூரவல்லியை இந்நாட்டு நாற்றங்கால்களில் கியூபா ஒரேகனோ என்றே விற்கிறார்கள். அதைப் பெருமையோடு கிள்ளிக்கொண்டு வந்தேன். முகர்ந்து பார்த்து, "இருமலுக்கு வைத்துக்கொள்ளுங்கள்" என்று சிரித்தார். நம் பாட்டிமார் சொன்னதும் அதுவே.

இனி புளிப்பு. கியூபர்கள் பயன்படுத்துவது கசப்பும் புளிப்பும் கலந்த ஒரு வகை ஆரஞ்சு. நம் நாரத்தங்காய்க்கு உறவு என்று சொல்லத் தகும். அன்று கடையில் அது கிடைக்கவில்லை. இரண்டு பங்கு ஆரஞ்சுச் சாற்றில் ஒரு பங்கு எலுமிச்சைச் சாறு கலந்தோம். சூடான ஒலிவ எண்ணெயைப் பூண்டின்மேல் ஊற்றியபோது எழுந்த மணத்தில் அவர் கண்களை மூடிக்கொண்டார். சுவைத்தபின் தலையை அசைத்தார். "இது அவளுடையது அல்ல." இன்னும் உப்பு, இன்னும் சீரகம், ஒரு பிரிஞ்சி இலை. மூன்று முறை கலந்தோம். மூன்று முறையும் அதே பதில். கடைசியில், "போதும், பாஸ்டர். இது நம்முடையது" என்று சொல்லி, இறைச்சியில் ஆழமாகக் குத்திய துளைகளில் விரலால் பூண்டு விழுதைத் திணிக்கத் தொடங்கினார்.

இரவு முழுவதும் குளிர்ப்பெட்டியில் ஊறியது. மறுநாள் நண்பகலில் அடுப்பில் வைத்து, 150 டிகிரி செல்சியஸில் விட்டோம். இவ்வளவு குறைந்த சூட்டில்தான் கொழுப்பு மெல்ல உருகி, நார் நாராகப் பிரியும் பதம் வரும். இடையில் செய்ய ஒன்றுமில்லை. ஆகவே பேசினோம்.

1961-இல் எட்டு வயதுச் சிறுவனாகத் தனியே விமானத்தில் ஏற்றப்பட்டவர் அவர். காஸ்ட்ரோவின் ஆட்சிக்கு அஞ்சிய பெற்றோர்கள் 1960 டிசம்பர் முதல் 1962 அக்டோபர் வரை 14,000-க்கும் மேற்பட்ட பிள்ளைகளைத் துணையின்றி அமெரிக்காவுக்கு அனுப்பினார்கள். கத்தோலிக்கத் திருச்சபை அவர்களில் பலரை முகாம்களிலும் இல்லங்களிலும் பராமரித்தது. சில மாதங்களில் சந்திப்போம் என்று தாயார் சொன்னாராம். அவர் வந்து சேர்ந்தது 1966-இல். பாட்டி வரவேயில்லை. 1969-இல் கரும்பு அறுவடையைக் காரணம் காட்டிக் கியூபாவில் கிறிஸ்துமஸ் விடுமுறை நீக்கப்பட்டது. போப் இரண்டாம் ஜான் பால் வருவதற்கு முன், 1997-இல்தான் திரும்பி வந்தது. அதற்குள் பாட்டி கண்மூடிவிட்டார். இதையெல்லாம் சொல்லி முடித்து, "உங்களுக்குத் தெரிந்திருக்கும் என்று நினைத்தேன்" என்றார். 11 ஆண்டுகள், அன்பானவர்களே. ஒரு வேலிதான் நடுவில்.

ஆறு மணிக்கு இறைச்சியை வெளியே எடுத்து மூடி வைத்துவிட்டு ஆராதனைக்குப் புறப்பட்டோம். அவரும் வந்தார். கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்த முதியவர் யார் என்று உங்களில் பலர் கேட்டீர்கள். நம் தமிழ்ப் பாடல்களில் ஒரு சொல்லும் புரியாமல் இறுதிவரை இருந்தார்.

திரும்பி வந்து, தோல் மொறுமொறுப்பாவதற்காக 230 டிகிரியில் இருபது நிமிடம் வைத்தோம். அங்கேதான் என் பிழை வெளிப்பட்டது. முந்தின இரவு அவர் போன பிறகு, மீந்த சாற்றையெல்லாம் தோலின்மேல் ஊற்றியிருந்தேன். தோல் உலர்ந்திருக்க வேண்டும் என்பது எனக்குத் தெரியாது. ஒரு பக்கம் கருகி, மறுபக்கம் செருப்புத் தோலைப்போல் ஆகிவிட்டது. அவர் அதைத் தட்டிப் பார்த்து, "அவள் இருந்திருந்தால் உங்களை வீட்டுக்கு அனுப்பியிருப்பாள்" என்றார். இறைச்சி மட்டும் கரண்டி பட்டதும் பிரிந்து விழுந்தது. கறுப்பு அவரைச் சோறும், பூண்டு எண்ணெய் ஊற்றிய மரவள்ளிக்கிழங்கும் வைத்துக்கொண்டு நள்ளிரவு வரை உண்டோம். எங்கள் மகள் கிழங்கை இரண்டாம் முறை கேட்டு வாங்கினாள்.

மர உரலை மறந்து விட்டுப் போய்விட்டார். இரண்டு நாள் கழித்து, அதைக் கழுவித் துடைத்து எடுத்துச் சென்றேன். கதவைத் திறந்தவர் உரலை வாங்காமல், உள்ளே வந்து உட்காரும்படி கையைக் காட்டினார். சாப்பாட்டு மேசையில் அந்த அம்மையாரின் நாற்காலிக்கு எதிரே உட்கார்ந்தேன்.