கருப்பொருள் அமைக்கும் கலைஞர்

முதற்பொருள், கருப்பொருள், உரிப்பொருள் என்னும் மூன்றனையும் நாம் ஆண்டுதோறும் வகுப்பில் விளக்கி வருகின்றோம். நிலமும் பொழுதும் முதல். உணவு, மரம், பறை, தொழில் முதலியன கரு. மாந்தர்தம் ஒழுக்கம் உரி. கருப்பொருள் பொய்க்குமாயின் உரிப்பொருள் நெஞ்சைத் தொடாது. திரைப்படத்தில் இக்கருப்பொருளை அமைத்துத் தருபவரே கலை இயக்குநர். நடிகர்தம் பெயரை அறிந்த அளவிற்கு இவர்தம் பெயரை நாம் அறிந்திலோம்.

அத்தகையோருள் தலைசிறந்தவர் பி. கிருஷ்ணமூர்த்தி. 1943இல் பூம்புகாரில் பிறந்த அவர், 1850இல் தோற்றுவிக்கப்பெற்ற சென்னை ஓவியக் கல்லூரியில் பயின்றார். 1975இல் வெளிவந்த ‘ஹம்சகீதே’ என்னும் கன்னடப் படத்தின் வாயிலாகத் திரையுலகில் அடியெடுத்து வைத்தார். கன்னடத்தில் ‘மத்வாச்சாரியா’, மலையாளத்தில் ‘ஒரு வடக்கன் வீரகதா’, தமிழில் ‘பாரதி’ ஆகிய மூன்று படங்களுக்குமாக ஐந்து தேசிய விருதுகள் பெற்றார். பின்னிரு படங்களில் கலை இயக்கத்திற்கும் ஆடை வடிவமைப்பிற்கும் தனித்தனியே விருது பெற்றமை குறிப்பிடத்தக்கது. சமயத் துறவி, வாள்வீரர், கவிஞர் என மூவர்தம் உலகங்களும் வெவ்வேறானவை. அவ்வுலகங்களில் எவ்விளக்கு எரிந்தது, எவ்வாடை உடுத்தப்பட்டது என ஆராய்ந்து அறிவதே அவர்தம் தொழிலாக இருந்தது. 2020 டிசம்பரில் அவர் மறைந்தார்.

இச்செய்தியை வகுப்பில் எடுத்துரைத்தபோது காசிமேட்டு மாணவர் ஒருவர் எழுந்தார். “ஐயா, எங்கள் பகுதியைக் காட்டும் படங்களில் கத்தி இருக்கிறது, குப்பை இருக்கிறது. எங்கள் வீட்டில் புத்தக அலமாரியும் இருக்கிறதே, அதை ஏன் எவரும் காட்டுவதில்லை?” என்று வினவினார்.

நாம் விடையின்றி நின்றோம். 1970களின் வடசென்னைக் குத்துச்சண்டை மரபைக் கண்முன் நிறுத்திய ‘சார்பட்டா பரம்பரை’ 2021இல் வெளிவந்ததையும், அதன் கலை இயக்குநர் த. இராமலிங்கம் என்பதையும் பின்னர்க் கூறினோம். எனினும் அவ்வினா நம்மை விட்டு அகலவில்லை. பிழை திரைப்படத்தாருடையது மட்டுமன்று. நெய்தலுக்குப் புன்னையும் தாழையும் சொல்லித் தந்த நாம், மாணவர் நாள்தோறும் காணும் காசிமேட்டு விசைப்படகையும், திருவொற்றியூர்ச் சாலையின் கன்டெய்னர் லாரியையும், எண்ணூர்ப் புகைபோக்கியையும் கருப்பொருளாக எண்ணிப் பார்த்தோமில்லை.

மறுவாரம், தத்தம் வீட்டிலுள்ள பொருள்களைப் பட்டியலிட்டு வருமாறு பணித்தோம். அம்மாணவர் எழுதி வந்தவை இவை: வலை பின்னும் ஊசி, தங்கையின் செவிலியர் பாடநூல், கடலுக்குச் சென்று திரும்பாத பாட்டனாரின் ஒரே நிழற்படம். இப்பட்டியலைக் கொண்டு ஒரு வீட்டை அமைத்துவிடலாம். அவ்வீட்டில் வாழ்வோரின் உள்ளத்தையும் அறிந்துவிடலாம்.

பூம்புகார்த் துறையிலிருந்து ஒரு கலைஞர் தோன்றினார். இராயபுரத் துறையிலிருந்தும் ஒருவர் தோன்றலாம். ஓவியம் தீட்டும் பிள்ளையைப் பார்த்து, “இது சோறு போடுமா?” என்று கேட்கும் பெற்றோர்க்கும் பெரியோர்க்கும் நமது வேண்டுகோள் ஒன்றே: நம் வீட்டைப் பிறர் அமைத்துக் காட்டும்வரை காத்திராமல், அதனை அமைக்கும் கல்வியை நம் பிள்ளைகளுக்கு வழங்குவோம். எல்லாம் வல்ல இறைவன் துணை நிற்பானாக!