விசிலுக்காகக் காத்து நின்றேன்

என் மகனுக்குச் சத்தம் என்றால் பயம். அந்தப் பயத்தை நான் எனக்கு நேர்ந்த அவமானமாக எடுத்துக்கொண்டேன். அதைப் போக்குகிறேன் என்று அவனுக்கு ஒரு கொடுமை செய்தேன். தெரியாமல் செய்துவிட்டேன் என்று இதுவரை பலரிடம் சொல்லியிருக்கிறேன். அது பொய். அவன் துடிப்பான் என்று தெரிந்தேதான் செய்தேன்.

குன்னூருக்குப் பக்கத்தில் ஒரு டீ ஃபேக்டரியில் சி.டி.சி. மெஷின் பார்ப்பவன் நான். இலையை நசுக்கிச் சுருட்டும் அந்த உருளைகள் ஓடும்போது பக்கத்து ஆளிடம் பேச வேண்டுமானால் அவர் காதோடு வாயை வைக்க வேண்டும். எட்டு மணி நேர வேலைக்கு 90 டெசிபல் என்பது நம் நாட்டுத் தொழிற்சாலைகளுக்கான வரம்பு. பல நாடுகளில் 85. காதில் மாட்டிக்கொள்ளக் கொடுத்த கவசம் ஆணியில் தொங்கும். அதை மாட்டாமல் நிற்பதுதான் எங்களுக்குக் கெத்து. மனிதனின் ஒவ்வொரு உள்காதிலும் பதினைந்தாயிரம் சொச்சம் நுண்மயிர்ச் செல்கள்தான் இருக்கின்றன. செத்தால் திரும்ப முளைக்காது. எனக்கு அவை செத்துக்கொண்டிருந்தன. அதற்கு நான் ‘பழகிப்போச்சு’ என்று பெயர் வைத்திருந்தேன். எனக்குப் பழகவில்லையா, இவனுக்கும் பழகும். வீட்டில் நான் பேசிய நியாயம் இவ்வளவுதான்.

பிறந்த குழந்தைகள் எல்லாமே சத்தத்துக்குத் திடுக்கிடும். கையை விரித்து உதறும், பிறகு எதையோ கட்டிப்பிடிப்பதுபோல் சேர்க்கும். நான்கிலிருந்து ஆறு மாதத்துக்குள் அது தானாக நின்றுவிடும். இவனுடையது வேறு. நடக்கத் தொடங்கிய பிறகு கூடியது. மிக்ஸி ஓடினால் கட்டிலுக்கு அடியில் இருப்பான். குக்கர் விசில், ஜீப் ஹாரன், எஸ்டேட் சங்கு, எல்லாவற்றுக்கும் காதைப் பொத்துவான். மழைதான் மோசம். எங்கள் பக்கம் பெருமழை ஐப்பசி, கார்த்திகையில். லைன் வீட்டுத் தகரக் கூரையில் அது இறங்கும்போது என் மனைவி அவனைக் கம்பளிக்குள் சுருட்டி மடியில் வைத்துக்கொண்டு விடிய விடிய உட்கார்ந்திருப்பாள். நான் தூங்குவேன்.

எஸ்டேட் பிள்ளைக் காப்பகத்தில் அவனை விட முடியவில்லை. ஐம்பது பெண்களுக்கு மேல் வேலை செய்யும் தோட்டத்தில் காப்பகம் இருக்க வேண்டும் என்று 1951-இலேயே தோட்டத் தொழிலாளர் சட்டம் சொல்லிவிட்டது. எங்கள் தோட்டத்திலும் இருந்தது, நன்றாகவே நடந்தது. ஆனால் அத்தனை பிள்ளைகள் ஒரே அறையில் கத்தினால் இவன் மூலையில் சுருண்டு வாந்தி எடுப்பான். என் மனைவி இலை பறிக்கும் வேலையை விட்டாள். ஒரு சம்பளம் போனது. அதையும் அவள் தலையில் கட்டினேன். “நீ பொத்திப் பொத்தி வளத்ததுதான்” என்று சொன்னேன். பலமுறை சொன்னேன். மூத்தவள் பாடத்தை வாய்விட்டுப் படிக்கிற பிள்ளை. யாரும் சொல்லாமலே உதட்டை மட்டும் அசைத்துப் படிக்கப் பழகிக்கொண்டாள். அதைக் கவனித்தேன். நல்ல பிள்ளை என்று நினைத்துக்கொண்டேன். அவ்வளவுதான் நினைத்தேன்.

இவனை நான் சந்தேகப்பட ஒரு காரணம் இருந்தது. மிக்ஸிக்கு ஓடி ஒளிகிற அதே பிள்ளை எவர்சில்வர் தட்டையும் கரண்டியையும் எடுத்துக்கொண்டால் வீடே அதிரும். முகமெல்லாம் சிரிப்பு. அப்படியானால் மிக்ஸிக்கு ஓடுவது நடிப்பு, அடம் என்று தீர்ப்பு எழுதினேன். லியோ கானர் என்ற மருத்துவர் 1943-இல் பதினோரு குழந்தைகளைப் பற்றி எழுதிய கட்டுரையில் இதே விஷயம் இருக்கிறது. ஆட்டிசத்தை விவரித்த முன்னோடிக் கட்டுரை அது. அந்தக் குழந்தைகளை மிரட்டியது சத்தத்தின் அளவு அல்ல, அது தங்களைக் கேட்காமல் உள்ளே புகுந்ததுதான் என்றும், தாங்களே எழுப்பும் எவ்வளவு பெரிய சத்தத்திலும் அவர்கள் மகிழ்ந்திருந்தார்கள் என்றும் எழுதியிருக்கிறார். பின்னாளில் ஒரு தெரபிஸ்ட் இதை எனக்குச் சொன்னார். என் மகன் தட்டை அடித்து அடித்து எனக்குச் சொல்லிக்கொண்டிருந்ததும் இதையேதான். நான் அதை அவனுக்கு எதிரான சாட்சியாக வைத்துக்கொண்டேன்.

(சத்தம் தாங்காத பிள்ளைகளுக்கெல்லாம் ஆட்டிசம் என்று அர்த்தம் இல்லை. என் மகனுக்கு மருத்துவர்கள் சொன்ன பெயர் என்ன என்பதை நான் எழுதப்போவதில்லை. அது அவனுடையது.)

மே மாதம், சீசன் நேரம். திருப்பூரிலிருந்து மச்சான் குடும்பத்தோடு வந்திருந்தார். “என்ன மாப்ள, மெஷின்காரன் மகன் மிக்ஸிக்கு ஓடுறான்?” என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். இரவெல்லாம் அது உறுத்தியது.

மறுநாள் எல்லோரும் ரயில் பார்க்கப் போனோம். குன்னூரிலிருந்து ஊட்டிக்கு டீசல் இன்ஜின். குன்னூரிலிருந்து மேட்டுப்பாளையத்துக்கு இறங்குவது நீராவி இன்ஜின். 1899-இலிருந்து அந்தப் பாதையில் ரயில் ஓடுகிறது. கிளம்பும் முன் விசில் அடிக்கும். இந்த ஊரில் பிறந்தவனுக்கு அது எப்போது அடிக்கும் என்று தெரியாதா? இன்ஜினுக்குப் பக்கத்திலேயே போய் நின்றேன். அவன் என் தோளில் முகத்தைப் புதைத்து இரண்டு காதையும் பொத்தியிருந்தான். மச்சான் போனில் வீடியோ எடுத்துக்கொண்டிருந்தார். “வேண்டாங்க, இந்தப் பக்கம் வந்துருங்க” என்றாள் மனைவி. கேட்டது. நகரவில்லை. பச்சைக் கொடி ஆடியது. அப்போது அவன் இரண்டு மணிக்கட்டையும் பிடித்து இறக்கினேன். மூன்று வயதுப் பிள்ளையின் மணிக்கட்டு இரண்டும் ஒரு கைக்குள் அடங்கிவிடும். “பாரு, ஒண்ணுமில்ல” என்றேன்.

விசில் அடித்தது. நீளமாக அடித்தது.

அவன் கத்தவில்லை. உடம்பு விறைத்தது. வாய் திறந்திருந்தது, குரல் வரவில்லை. என் சட்டை வயிற்றுப் பக்கம் சூடாக நனைந்தது. நான் மச்சானைப் பார்த்து, “பாத்தீங்களா, அழவே இல்ல” என்றேன். அந்த வீடியோ இன்னும் இருக்கிறது. என் குரலில் அவ்வளவு சந்தோஷம்.

அதுவரை அவனிடம் சில வார்த்தைகள் இருந்தன. பால், பூ, அக்கா. அவை நின்றன. என்னிடம் வருவதில்லை. வேலை முடிந்து நான் வாசலில் செருப்பைக் கழற்றும்போதே காதைப் பொத்திக்கொள்வான். நான் வாய் திறந்திருக்க மாட்டேன்.

பேச்சு நின்றதால் காதுக் கோளாறோ என்று பயந்து பார்த்தோம். தூங்கவைத்து, நெற்றியிலும் காதுக்குப் பின்னாலும் ஒயர் ஒட்டி, பெரா டெஸ்ட் எடுத்தார்கள். காது சரியாக இருந்தது. “ஏதாச்சும் பயந்தானா? சமீபத்துல ஏதாச்சும் நடந்துச்சா?” என்று கேட்டார்கள். “இல்லைங்க” என்றேன். மனைவி என்னைப் பார்த்தாள். ஒன்றும் சொல்லவில்லை.

தெரபி தொடங்கியது. அவர்கள் சொன்னது எதுவும் பெரிய வித்தை இல்லை. சத்தம் வருவதற்கு முன் சொல்லுங்கள். மிக்ஸி சுவிட்சை அவனே போடட்டும், அவனே நிறுத்தட்டும். காதுக் கவசத்தைப் பட்டாசுக்கும் மேளத்துக்கும் மட்டும் மாட்டுங்கள், நாள் முழுவதும் மாட்டினால் சின்னச் சத்தமும் தாங்காமல் போகும். ஒதுங்க ஒரு மூலை கொடுங்கள். மழைச் சத்தத்தையோ இடியையோ போனில் மிகக் குறைவாக வைத்துக் கேட்கவிடுங்கள், அவன் சம்மதித்தால் கொஞ்சம் கூட்டுங்கள். அப்பா பக்கத்தில் உட்கார்ந்து கையைப் பிடித்துக்கொள்ளட்டும், தைரியமாக இருக்கும்.

நான் பக்கத்தில் உட்கார்ந்தேன். கையைப் பிடித்தேன். அவன் மோசமானான். கையைக் கடித்துக்கொள்ள ஆரம்பித்தான். சத்தத்தை இன்னும் குறைத்தார்கள். வேறு சத்தம் வைத்துப் பார்த்தார்கள். அவர்களுக்குப் புரியவில்லை. எனக்குப் புரிந்தது. அவன் கையை நான் பிடித்தால் அடுத்து என்ன வரும் என்பதை அவன் கற்றிருந்தான். நான் வாயைத் திறக்காமல் அந்தத் தீபாவளி வரை அவன் பக்கத்தில் உட்கார்ந்து அவன் கையைப் பிடித்துக்கொண்டிருந்தேன். ரயில் நிலையத்தில் நடந்தது ஒரு விசில் நேரம். இது அப்படி இல்லை. யாராவது என்னை விசாரித்தால் இதற்குத்தான் அதிகத் தண்டனை தர வேண்டும்.

சிவகங்கைப் பக்கம் வேட்டங்குடி பறவைகள் சரணாலயத்தை ஒட்டி கொள்ளுக்குடிப்பட்டி என்று ஒரு கிராமம். வந்து தங்கும் பறவைகள் மிரளக் கூடாது என்று பல தலைமுறையாகத் தீபாவளிக்கு வெடிப்பதில்லை. ஒவ்வொரு தீபாவளிக்கும் பேப்பரில் வரும் செய்திதான். அந்த வருடம் அதைப் படித்துவிட்டுப் பேப்பரை மடித்து வைத்தேன். தீபாவளி கழிந்து தெரபிக்குப் போன நாளில்தான் சொன்னேன்.

நின்றபடியே சொன்னேன். விசில், மணிக்கட்டு, வீடியோ, “இல்லைங்க” என்ற பொய், எல்லாம். அந்தத் தெரபிஸ்ட் சின்னப் பெண். திட்டவில்லை. ஃபைலை எடுத்து எழுதினார். இனி இவர் கை பிடிக்க வேண்டாம், எதிர்ச் சுவரோரம் உட்காரட்டும், பையனாக வந்தால் வரட்டும் என்றார். பிறகு என் மனைவியிடம், “உங்களுக்கும் தெரியும்தானேக்கா, நீங்களாவது அன்னைக்கே சொல்லியிருக்கலாமே?” என்று கேட்டார்.

“ரெண்டு தடவ சொல்ல வாயெடுத்தேங்க. வீட்டுக்குப் போனா அப்புறம் நான்தானே இவர்கூட இருக்கணும்” என்றாள்.

அவள் எனக்கும் பயந்துகொண்டிருந்தாள் என்பது அப்போதுதான் எனக்குத் தெரிந்தது.