திரையும் சித்திரமும்

பழையதைப் போற்ற வேண்டும் என்று சொல்லாதவர் இல்லை. ஆனால், பழையதை எவ்வாறு போற்றுவது என்று வினவினால் விடை கூறத் தயங்குவோரே பலர். பாட்டியின் வெண்கலப் பானையைத் துலக்கி அலமாரியில் வைப்பது எளிது. அதில் சோறு சமைத்து உண்பது அரிது. கையால் தொட்டுப் பயன்படுத்தும் பொருளுக்கே இந்நிலை என்றால், கண்ணால் கண்டும் செவியால் கேட்டும் உணர வேண்டிய படைப்புகளின் நிலை இன்னும் சிக்கலானது. அவை ஏதேனும் ஒரு கருவியின் வழியாகவே மக்களை வந்தடைகின்றன. கருவி மாறிவிட்டால், படைப்பு சிறிதும் குறையாமல் இருந்தும் காண்பவர் கண்ணுக்கு வேறாகிவிடுகிறது.

அரங்கில் கண்டு மகிழ்ந்த பழைய தமிழ்ப் படங்களை இன்றைய அகலத் தொலைக்காட்சியில் காண்பவர்கள் இதனை நன்கு அறிவர். நான்குக்கு மூன்று என்னும் அளவில் எடுக்கப்பட்ட படத்தைப் பதினாறுக்கு ஒன்பது என்னும் அளவுடைய திரை முழுவதும் பரப்பினால், ஒல்லியான கதாநாயகி பருத்துப் போகிறாள். வட்டமான முழுநிலவு முட்டையாகிறது. திரையில் வெற்றிடம் இருக்கக் கூடாது என்னும் ஆசைக்காகப் படத்தின் உருவமே பலியாகிறது.

இத்தொல்லை மிகக் கூர்மையாக வெளிப்படும் இடம் ஒன்று உண்டு. அது பழைய கணினி விளையாட்டு. ‘விளையாட்டுத்தானே’ என்று ஆசிரியர்கள் முகம் சுளிக்கக்கூடும். ஆயினும், ஒரு தலைமுறையின் பிள்ளைகள் கற்பனையைச் செலவிட்ட இடம் அது என்பதை மறுப்பதற்கில்லை.

அந்நாளில் கணினித் திரை என்பது கண்ணாடிக் குழாயாக இருந்தது. மின்னணுக் கற்றை ஒன்று அதன் உட்புறத்தில் வரிவரியாக ஓடி ஒளியெழுப்பியது. எத்தனை வரி என்பதை அத்திரை பிடிவாதமாகக் கொள்ளவில்லை. 640க்கு 480 புள்ளி என்று விளையாட்டு கட்டளையிட்டால் அவ்வாறே தன்னை மாற்றிக்கொண்டது. 1024க்கு 768 என்றால் அதற்கும் இசைந்தது. எனவே, விளையாட்டுகளை இயற்றியவர்கள் முழுத்திரையைத் தமதாக்கிக்கொண்டு ஆணையிடும் வழக்கத்தை மேற்கொண்டனர். 1987ஆம் ஆண்டு வந்த விஜிஏ முறையில் 320க்கு 200 என்னும் அளவு பெரிதும் ஆளப்பட்டது. அக்குழாய்த் திரையில் ஒவ்வொரு புள்ளியும் அகலத்தைவிட உயரம் மிகுந்து, ஒன்றுக்கு ஒன்றே கால் பங்கினும் சற்றுக் குறைவாக, 1.2 என்னும் அளவில் நின்றது. ஓவியர்கள் அந்த நீட்சியைக் கணக்கிட்டே வரைந்தார்கள். அதே படத்தைச் சதுரப் புள்ளிகள் கொண்ட இன்றைய திரையில் அப்படியே இட்டால், உயரத்தில் ஆறில் ஒரு பங்கு குறைந்து, வீரர்கள் எல்லாரும் தலையில் குட்டுப்பட்டவர்போல் குறுகிப் போகின்றனர். 2002ஆம் ஆண்டு வெளிவந்த டாஸ்பாக்ஸ் என்னும் மென்பொருளில் இதைச் சீர்செய்வதற்கென்றே ஓர் அமைப்பு உண்டு.

குழாய்த் திரை போய்த் தட்டைத் திரை வந்தது. தட்டைத் திரையின் புள்ளிகள் பிறப்பிலேயே எண்ணி வைக்கப்பட்டவை. 1920க்கு 1080 என்று பிறந்த திரை, வேறு எண்ணுக்கு மாறாது. வந்த படத்தை இழுத்தோ சுருக்கியோதான் காட்டும். பழைய விளையாட்டு இதனை அறியாது. அது பழைய அதிகாரத்தோடு ஆணையிடுகிறது. திரையோ தனக்குத் தெரிந்தவாறு கீழ்ப்படிகிறது. சில வேளைகளில் நிறங்களும் திரிகின்றன. 256 நிறங்களைக் கொண்டு இயங்கிய ‘ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ்’ இரண்டாம் பாகம், விண்டோஸ் 7 கணினிகள் பலவற்றில் புல்வெளியைச் சிவப்பாகவும் நீரை ஊதாவாகவும் காட்டியது. வேறொரு மென்பொருள் இடையில் திரையைக் கேட்டு வாங்கிவிட்டால், மீண்டு வரும் வழி தெரியாமல் விளையாட்டு வெறுங்கருப்பாய் நின்றுவிடுவதும் உண்டு.

இத்தகைய தொல்லையோடு பல வாரங்கள் போராடிய ஒரு குடும்பம் ஜொகூர் மாநிலத்தில் கூலாய் நகருக்கு அருகில் வாழ்கிறது. தாய் ஓய்வுபெற்ற தமிழாசிரியை. தோட்டப் பள்ளியில் பல்லாண்டுகள் பணியாற்றியவர். தோட்டம் துண்டாடப்பட்டு வீடமைப்புப் பகுதியானபோது, மற்றவர்களைப்போல் அக்குடும்பமும் தாமான் ஒன்றில் குடியேறிற்று. இரு மைந்தருள் மூத்தவர் 2004ஆம் ஆண்டு சாலை விபத்தில் மறைந்தார். இளையவர் விடியுமுன் எழுந்து, கடற்பாலத்தைக் கடந்து, சிங்கப்பூரில் வேலை செய்து, இரவில் திரும்பும் பல்லாயிரவருள் ஒருவர்.

மூத்தவர் பள்ளி மாணவராக இருந்த 1999ஆம் ஆண்டில் ‘சீசர் 3’ என்னும் விளையாட்டில் ஆழ்ந்திருந்தார். 1998ஆம் ஆண்டு வெளிவந்த அவ்விளையாட்டில், ஆடுபவர் உரோமப் பேரரசின் ஆளுநராகி நகரம் ஒன்றை எழுப்ப வேண்டும். சாலை அமைத்து, நீர் கொணர்ந்து, களஞ்சியம் நிரப்பி, கோயில் கட்டினால் மக்கள் வந்து குடியேறுவர்; வசதி பெருகப் பெருகக் கூடாரங்கள் வீடுகளாகும், வீடுகள் மாளிகைகளாகும். மூத்தவர் கட்டிய நகரம் ஒன்று, மாடிப்படியின் கீழ்ப் பழைய கைலியில் சுற்றி வைத்திருந்த கணினியின் வன்தட்டில் இருந்தது. அண்மையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை அதனைத் தூசு தட்டி எடுத்த இளையவர், இணைப்புக் கருவி ஒன்றை வாங்கி, வன்தட்டைத் தம் மடிக்கணினியோடு பூட்டினார். கோப்பு உயிரோடு இருந்தது. அதன் பெயர், ஆங்கில எழுத்துகளில், ‘தோட்டம்’.

இளையவர் முதலில் செய்த செயல் போற்றத்தக்கது. கோப்பைத் திறப்பதற்கு முன்னரே அதற்கு மூன்று படிகள் எடுத்து மூன்று இடங்களில் வைத்தார். பின்னரே விளையாட்டை நிறுவித் திறந்தார். திரை இருண்டது, இரண்டு முறை துடித்தது, பின் நகரத்தின் இடப்புற மேல்மூலை மட்டும் பெரிதாகத் தோன்றியது. எழுத்துகள் சிறியனவாய்த் தோன்றாமைக்காக மடிக்கணினி எல்லாவற்றையும் ஒன்றரை மடங்கு பெருக்கிக் காட்டிக்கொண்டிருந்தது. விளையாட்டு அதனை அறியாமல் திரைக்கு வெளியே வரைந்துகொண்டிருந்தது. மென்பொருளின் பண்புகள் பக்கத்தில், ‘பொருந்துதல்’ என்னும் பிரிவிற்குச் சென்று, அப்பெருக்கத்தை அவ்விளையாட்டுக்கு மட்டும் நிறுத்தியதும் முழு நகரமும் திரைக்குள் வந்தது.

வந்த நகரத்தைத் தாய் சற்று நேரம் உற்று நோக்கினார்.

“தம்பி, இது அண்ணன் கட்டின ஊர் மாதிரி இல்லையே. ஆட்களெல்லாம் ஏன் இப்படி நசுங்கிக் கிடக்கிறார்கள்?”

அவர் கண் பொய் சொல்லவில்லை. 1024க்கு 768 என்னும் படம் 1920க்கு 1080 என்னும் திரை முழுதும் இழுக்கப்பட்டிருந்தது. உயரம் ஏறத்தாழ 1.4 மடங்கும், அகலம் 1.875 மடங்கும் பெருகியிருந்தன. ஒவ்வோர் உருவமும் தனக்குரிய அகலத்தினும் மூன்றில் ஒரு பங்கு கூடுதலாகப் பருத்திருந்தது. கணக்கு எதுவும் போடாமல் ஒரு தாயின் நினைவு அதனைக் கண்டுகொண்டது.

அடுத்த ஞாயிறு, வரைகலைக் கருவியின் அமைப்புகளுக்குள் சென்று, ‘திரை முழுதும் பரப்பு’ என்றிருந்ததை ‘வடிவ விகிதத்தைக் காப்பாற்று’ என்று மாற்றினார் இளையவர். இப்போது படம் 1440 புள்ளி அகலத்தோடு நடுவில் நின்றது. இருபுறமும் 240 புள்ளி அகலத்தில் இரு கரிய பட்டைகள் எஞ்சின. இடையிடையே திரை இருண்டுபோன குறையை, பழைய கட்டளைகளை இன்றைய கணினிக்குப் புரியும் மொழியில் பெயர்த்துக் கூறும் டிஜிவூடூ என்னும் இடைமென்பொருள் தீர்த்தது. “பக்கத்திலே கருப்பாக இருக்கிறதே, பரவாயில்லையா அம்மா?” என்று அவர் கேட்டார். “சாமி படத்துக்குச் சட்டம் இல்லையா? இருக்கட்டும்” என்றார் தாய்.

அன்றுதான் தாய் அந்நகரத்தை ஊன்றிப் பார்த்தார். மேட்டின்மேல் தனித்து நின்ற ஆளுநர் இல்லத்தைக் கண்டதும், “இது துரை பங்களா” என்றார். நகரம் திரையினும் பெரியது. சுட்டியை ஓரத்திற்கு நகர்த்தி நகர்த்தித்தான் காண முடிந்தது. தாய்க்கோ முழுவதையும் ஒருசேரக் காண வேண்டும் என்னும் வேட்கை எழுந்தது.

அதற்கு வேறொரு வழி இருந்தது. ‘ஜூலியஸ்’ என்னும் பெயரில், தன்னார்வலர்கள் அவ்விளையாட்டின் இயங்குமுறையை முற்றிலும் புதிதாக எழுதி இலவசமாக வழங்கியிருக்கின்றனர். படங்களையும் ஒலிகளையும் மூல விளையாட்டிலிருந்தே அது எடுத்துக்கொள்கிறது. பழைய சேமிப்புக் கோப்புகளைத் திறக்கிறது. மூலத்தில் இருந்த பிழைகளைக்கூடத் திருத்தாமல் அவ்வாறே வைத்திருப்பது அதன் நேர்மை. மாற்றங்களை விரும்புவோர்க்கென்று ‘அகஸ்டஸ்’ என்னும் வேறொரு வடிவம் தனியே உண்டு. ஜூலியஸ் படத்தை இழுப்பதில்லை. திரை அகலமானால், நகரத்தின் கூடுதலான பரப்பை அதே அளவில் காட்டுகிறது.

அவ்வாறு விரிந்த நகரத்தைக் கண்டபோது தாய் நெடுநேரம் பேசவில்லை. பிறகு விரலால் சுட்டத் தொடங்கினார். எதிரெதிராக இரு வரிசையில் லயத்து வீடுகள், வரிசை முடியும் இடத்தில், பொதுக் குழாய் இருந்த இடத்தில், ஒரு நீரூற்று, எதிரே பள்ளிக்கூடம், சாலை திரும்பும் முனையில், மாரியம்மன் கோயில் இருந்த இடத்தில், ஒரு சிறு கோயில். அவ்விளையாட்டில் ஐந்து தெய்வங்கள் உண்டு. பையன் அவ்விடத்திற்குத் தேர்ந்தது பயிர்களின் தெய்வமான சீரிஸ். இடிக்கப்பட்ட தோட்டத்தைப் பதினைந்து வயதுச் சிறுவன் உரோமக் கற்களால் மீண்டும் கட்டி வைத்திருந்தான். ஐந்தாண்டுகள் உடனிருந்தும் அவன் அதனை யாரிடமும் சொன்னதில்லை.

தெருவில் நடப்பவர் ஒருவரைச் சொடுக்கினால் அவர் நகரின் குறையைக் கூறுவது அவ்விளையாட்டின் வழக்கம். கூடை சுமந்த சந்தைப் பெண் ஒருத்தி, நகரில் வேலைக்கு ஆள் போதவில்லை என்று முறையிட்டாள். தாய் மெல்லச் சிரித்தார். தோட்டத்தின் கடைசி ஆண்டுகளில் கங்காணிகள் கூறிய அதே முறையீடு. ஆயினும், காலத்தை ஓடவிட அவர் இசையவில்லை. ஓடினால் தீப்பிடிக்கலாம், வீடு இடியலாம். நகரம் நிறுத்தி வைத்த நிலையிலேயே நான்கு வாரங்கள் இருந்தது. ஐந்தாம் வாரம், “மூன்று படி பத்திரமாக இருக்கிறதா?” என்று கேட்டார். இருக்கிறது என்று அறிந்த பின், “அப்படியானால் நடக்கட்டும், அவர்களும் எத்தனை நாள் நின்றுகொண்டே இருப்பார்கள்” என்றார்.

இக்குடும்பம் கண்ட மூன்று காட்சிகளும் தமிழ் பயில்வோர்க்குப் புதியன அல்ல. ஓலைச்சுவடி நீண்டு குறுகியது. அதில் செய்யுளின் அடிகள் பிரிக்கப்படாமல் ஓடின. மெய்யெழுத்தின் புள்ளியும் பெரும்பாலும் இல்லை. அச்சுத்தாளோ உயர்ந்து நிற்பது. ஒரு திரையிலிருந்து மறு திரைக்கு மாறுவது போன்றதே அம்மாற்றமும். சீவக சிந்தாமணியை 1887ஆம் ஆண்டு அச்சிட்ட உ. வே. சாமிநாதையர், பக்கத்தை அழகுற நிரப்புவதற்காக மூலத்தை இழுக்கவில்லை. சுவடிகளை ஒப்புநோக்கி, பாடம் இதுவெனத் தெளிந்து பதிப்பித்தார். பின்னாளில் அவர் பதிப்புகளில் பாடபேதங்களும் இடம்பெற்றன. அப்பதிப்புகள் கரிய பட்டைகளோடு நின்ற படம் போன்றவை. மூலத்தில் ஓரெழுத்தும் மாற்றாமல் அதைச் சுற்றியுள்ள உலகை விரித்துக் காட்டும் நல்லுரையோ, அகலத் திரையில் முழு நகரையும் காட்டிய காட்சி போன்றது. எளிமையாக்குகிறோம் என்று சொல்லிக்கொண்டு பழம்பாடலின் பொருளை இன்றைய விருப்பத்திற்கு ஏற்ப இழுத்துப் பரப்புவதும் வகுப்பறையில் நடவாததன்று. திரை நிறைகிறது; உருவம் நசுங்குகிறது.

விளையாட்டுகளின் அழிவு கற்பனை அச்சம் அன்று. அமெரிக்காவில் 2010ஆம் ஆண்டுக்கு முன் வெளிவந்த விளையாட்டுகளில் நூற்றுக்கு 87 இன்று விற்பனையில் கிடைப்பதில்லை என்று, காணொளி விளையாட்டு வரலாற்று அறக்கட்டளை 2023ஆம் ஆண்டு வெளியிட்ட ஆய்வு கூறுகிறது. விளையாட்டின் நிலை இதுவென்றால், அதனுள் பிள்ளைகள் கட்டிய நகரங்களின் நிலையைச் சொல்ல வேண்டுவதில்லை. அவை எந்த நிறுவனத்தின் பட்டியலிலும் இடம்பெறுவதில்லை. மாடிப்படியின் கீழும் பரணிலும் உறங்குகின்றன.

அவற்றை எழுப்ப விரும்புவோர்க்குச் செய்முறை மிகப் பெரிதன்று. முதலில் படி எடுக்க வேண்டும். அடுத்து, அப்படைப்பு பிறந்த திரையின் அளவு யாதெனக் கேட்டறிய வேண்டும். அவ்வளவைக் காத்த பின்னரே புதிய திரையின் வசதிகளை நாட வேண்டும். தமிழாசிரியர்கள் தம் மாணவர்களிடம் ஒரு பணியை ஒப்படைக்கலாம்: வீட்டிலுள்ள பழைய கணினியில், ஒளிநாடாவில், பேழையில் யாருடைய குரலும் கைவண்ணமும் இருக்கின்றன என்று தேடிவரச் சொல்லலாம். கிடைப்பது பெருங்காப்பியமாக இருக்க வேண்டும் என்பதில்லை. ஒரு சிறுவன் யாருக்கும் சொல்லாமல் கட்டிய ஊராகவும் இருக்கலாம்.