அதே ஒரு தாள்

நான் கலைப்பீடத்துக்கு வந்ததற்கு ரெண்டு காரணம் இருக்கு. ஒன்று, வரலாறு பிடிக்கும். மற்றது வெளியில் சொல்லாதது: எனக்குக் கணக்கு ஓடாது. ஓ.எல்லில் கணிதம் வெறும் சாதாரண சித்தி.

போன மாதம் நயினாதீவில் வீட்டில் நிற்கேக்க, தங்கச்சி கொப்பியோட வந்தாள். அவளுக்கு இந்த வருசம் ஓ.எல். "அண்ணா, இதைச் சொல்லித் தாங்கோ."

10⁵ ÷ 10² = 1³ என்று எழுதியிருந்தாள். பத்தைப் பத்தால் வகுத்தால் ஒன்று, ஐந்தில் இரண்டு போனால் மூன்று. அவள் யோசித்ததில் நியாயம் இருந்தது. விடைதான் பிழை.

"அடி மாறாது, சுட்டியைக் கழிக்க வேணும்" என்றேன். எனக்கு அப்படித்தான் சொல்லித் தந்தவை.

"ஏன்?"

என்னிடம் பதில் இல்லை. கொப்பியை வாங்கி நீட்டி எழுதிப் பார்த்தேன். மேலே ஐந்து பத்துகள், பெருக்கல் குறியோடு. கீழே இரண்டு. கீழே உள்ள ஒவ்வொரு பத்தும் மேலே ஒரு பத்தோடு வெட்டுப்பட, மூன்று பத்துகள் மிஞ்சின. 10³, அதாவது ஆயிரம். எத்தனை பத்துகள் பெருக்கப்படுகின்றன என்பதைத்தான் சுட்டி சொல்கிறது, அதனால்தான் கழிக்கிறோம். எனக்கே அன்றைக்குத்தான் விளங்கினது.

"அப்ப 10³ ÷ 10³? எல்லாம் வெட்டுப்பட்டா சைபர்தானே?"

நானும் ஒருக்கா சோதினையில் அப்படித்தான் எழுதினனான். அம்மாவின் கடை ஞாபகம் வந்தது. அம்மன் கோயில் திருவிழாவுக்குக் குறிகட்டுவானில் இருந்து படகு படகாகச் சனம் வரும். எல்லாரும் ஆயிரம் ரூபாத் தாளைத்தான் நீட்டுவினம்.

"ஆயிரத்தை நூறாக மாத்தினா எத்தினை தாள்?"

"பத்து."

"ஆயிரத்தை ஆயிரமாவே மாத்தினா?"

சிரித்தாள். "அதே ஒரு தாள்."

அதுதான் 10⁰ = 1. பிறகு அவளே கேட்டாள்: "நூறு ரூபாயக் கொண்டுவந்து ஆயிரம் ரூபாத் தாள் கேட்டா?" பத்தில் ஒரு பங்குத் தாள்தான் வரும். 10² ÷ 10³ = 10⁻¹. மறைச் சுட்டியும் கடைக்குள்ளேயே வந்துவிட்டது.

"பூச்சியத்தை வெட்டு" என்பதுதான் அதுவரை எனக்குத் தெரிந்த குறுக்குவழி. பழைய தமிழ் எண்களில் பத்துக்கு ௰, நூறுக்கு ௱, ஆயிரத்துக்கு ௲ என்று தனித்தனிக் குறி. அங்கே வெட்டப் பூச்சியமே இல்லை. ஆனாலும் ௲ ÷ ௱ = ௰ தான். ஆக, விசயம் பூச்சியத்தில் இல்லை, பத்துகளில் இருக்கு.

பதினாறு வயதில் யாரிடமாவது நானும் "ஏன்" என்று கேட்டிருக்கலாம். கேட்டால் மொக்கன் என்று நினைப்பினம் எண்டு பேசாமல் இருந்திட்டன். என்ர ரெண்டு காரணத்தில் ஒன்றை இனி வெட்டிவிடலாம். மற்றது மிஞ்சும்: வரலாறு இப்பவும் பிடிக்கும்.