எத்தனை அடி ஹெட்?

பொள்ளாச்சிக்குக் கிழக்கே அண்ணன் தம்பி இரண்டு பேர். தோட்டம் பக்கத்துப் பக்கத்தில். 1974-இல் ஒரே நாளில், ஒரே கடையில், ஒரே மாதிரியான 5 குதிரைத்திறன் பம்புசெட் இரண்டு வாங்கி மாட்டினார்கள். அண்ணன் தோட்டத்தில் தண்ணீர் குழாய் நிறையக் கொட்டியது. தம்பி தோட்டத்தில் பாதிக் குழாய்கூட வரவில்லை. ஒரு மாதம் பொறுத்துப் பார்த்துவிட்டுத் தம்பி எங்கள் பட்டறைக்கு வந்தார்.

“கெட்டுப்போன பம்பை என் தலையில கட்டிட்டாங்க. பிரிச்சுப் பாருங்க மேஸ்திரி” என்றார்.

அப்போது எனக்கு 19 வயது. வேலை கற்றுக்கொண்டிருந்தேன். கையில் ஸ்பேனரை எடுத்துவிட்டேன். மேஸ்திரி எடுக்கவில்லை. அவர் கேட்டது ஒரே கேள்வி.

“உங்க கெணத்துக்கு எத்தனை அடி ஹெட்டுங்க?”

அந்தக் கேள்விதான் 50 ஆண்டுகளாக என்னோடு வருகிறது. பம்பைப் பற்றி மட்டுமல்ல, மனிதரைப் பற்றியும் நான் தெரிந்துகொண்டதில் பெரும்பங்கு அதற்குள் அடங்கியிருக்கிறது. இளையவர்களுக்காக அதை எழுதி வைக்க ஆசைப்படுகிறேன்.

ஹெட் என்றால் தலை என்று பள்ளியில் படித்திருப்பீர்கள். பம்புத் தொழிலில் அதன் பொருள் உயரம். தண்ணீரை எவ்வளவு உயரம் தூக்க வேண்டும் என்பதைக் குறிக்கும் சொல் அது. 1930-களில் பைக்காரா மின்சாரம் கோவைப் பக்கம் வந்த பிறகு இங்கே பம்புத் தொழில் வேரூன்றியது. அதோடு இந்தச் சொல்லும் வந்து, கொங்கு நாட்டு விவசாயி வாயில் தமிழ்ச் சொல்லாகவே ஆகிவிட்டது. எழுதப் படிக்கத் தெரியாத பெரியவர்கூட “நமக்கு நூறடி ஹெட்டு வேணும்” என்று சொல்லித்தான் பம்பு கேட்பார்.

ஆனால் அந்த உயரம் கண்ணுக்குத் தெரியும் உயரம் மட்டும் அல்ல. அதில் மூன்று பங்கு உண்டு. தண்ணீர் மட்டத்திலிருந்து பம்பு வரைக்கும் உள்ள உயரம் சக்ஷன் ஹெட். பம்பிலிருந்து தண்ணீர் கொட்டும் வாய் வரைக்கும் உள்ளது டெலிவரி ஹெட். மூன்றாவது, குழாயின் உள்சுவரில் உரசியும் வளைவுகளில் முட்டியும் தண்ணீர் இழக்கும் வலு. அதையும் உயரமாகத்தான் கணக்குப் போடுவோம். பெயர் உராய்வு ஹெட். மூன்றையும் கூட்டினால் வருவது டோட்டல் ஹெட். பம்பு உண்மையில் தூக்குவது அந்த மொத்தத்தை.

மேஸ்திரி என்னைச் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு தம்பி தோட்டத்துக்குப் போனார். அவரிடம் ஒரு தேங்காய் நார்க் கயிறு இருந்தது. ஐந்தடிக்கு ஒரு முடிச்சு, நுனியில் ஒரு கல். கிணற்றுக்குள் பம்பு மேடையில் நின்று கயிற்றை இறக்கச் சொன்னார். நான் ஏதோ பேச வாயெடுத்தேன். “சத்தம் போடாத. கல்லு தண்ணியத் தொடுற சத்தம் கேக்கோணும்” என்றார். மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றேன். ‘டொளக்’ என்று கேட்டது. 22 அடி. “இப்ப மோட்டாரைப் போட்டு அரை மணி நேரம் கழிச்சு மறுக்கா அள. ஓடும்போது தண்ணி எங்க நிக்குதோ அதுதான் கணக்கு” என்றார். 24 அடி.

பம்பிலிருந்து கிணற்று வாய்க்கு 60 அடி. அங்கிருந்து மேட்டுக் காட்டுக்கு இன்னும் 15 அடி ஏற்றம். நிலத்துக்குள் 400 அடி நீளத்துக்கு இரண்டரை அங்குலக் குழாய். கல்லைச் சுற்றி, மரத்தைச் சுற்றி, வரப்பைச் சுற்றி அதில் ஆறு வளைவு. உராய்வுக்கு 15 அடி என்று வைத்தாலும் மொத்தம் 114 அடி. அண்ணன் கிணற்றை அளந்தோம். எல்லாம் கூட்டினாலும் 60 அடியைத் தாண்டவில்லை. கிட்டத்தட்ட இரண்டு மடங்கு உயரத்துக்குத் தூக்கிக்கொண்டிருந்த பம்பைத்தான் கெட்டுப்போன பம்பு என்று சொல்லியிருக்கிறோம்.

கணக்கு இதுதான். ஒரு குதிரைத்திறன் என்பது நொடிக்கு 75 லிட்டர் தண்ணீரை ஒரு மீட்டர் உயர்த்தும் வலு. 5 குதிரையில் பம்புக்குள் வீணாவது போக 60 சதவீதம் தண்ணீருக்குப் போய்ச் சேர்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். 15 மீட்டர் ஹெட்டுக்கென்று செய்த பம்பு நொடிக்கு 15 லிட்டர் தரும். 30 மீட்டருக்கென்று செய்தது 7.5 லிட்டர்தான் தரும். இரண்டும் ஒரே உழைப்பு. வாயில் கொட்டும் தண்ணீரை மட்டும் பார்க்கிறவருக்கு ஒன்று கெட்டிக்காரன், இன்னொன்று சோம்பேறி.

இதில் சக்ஷன் என்ற பங்கைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். பம்பு தண்ணீரை உறிஞ்சி இழுக்கிறது என்றுதான் எல்லோரும் நினைக்கிறோம். பம்பு இழுப்பதில்லை. தன் வாயருகே அழுத்தத்தைக் குறைக்கிறது, அவ்வளவுதான். கிணற்றுத் தண்ணீரின் மேல் உட்கார்ந்திருக்கும் காற்று அந்தத் தண்ணீரை அழுத்திக் குழாய்க்குள் ஏற்றுகிறது. 1638-இல் கலிலியோ வெளியிட்ட நூலில் வரும் பாத்திரம் ஒருவர் ஒரு செய்தி சொல்கிறார். தண்ணீர் எடுக்காத பம்பைப் பழுது பார்க்க ஆள் கூப்பிட்டாராம். வந்தவர், கோளாறு பம்பில் இல்லை, தண்ணீர் கீழே போய்விட்டது, அவர்கள் ஊர் அளவில் 18 முழத்துக்கு மேல் இந்த வகைப் பம்பு எடுக்காது என்று சொல்லிவிட்டாராம். என் மேஸ்திரியைப் போன்ற ஒருவர்தான் அவரும். கலிலியோவுக்கே அதன் காரணம் சரியாகப் பிடிபடவில்லை. அவருக்குப் பின் 1644-இல் டாரிசெல்லி, நாம் காற்றுக் கடலின் அடியில் வாழ்கிறோம், அதன் எடைதான் ஏற்றுகிறது என்று விளக்கினார்.

அந்தக் காற்று கடல் மட்டத்தில் ஏற்றக்கூடிய உச்சம் சுமார் 34 அடி. நடைமுறையில் 25 அடியைத் தாண்டிப் பம்பு வைக்கக் கூடாது. ஊட்டியில் காற்றின் எடை குறைவு. அங்கே கணக்குப்படியே உச்சம் 26 அடிதான். சமவெளியில் நன்றாக ஓடிய பம்பை அதே ஆழத்துக்கு மலையில் வைத்தால் தடுமாறும். பம்பு மாறவில்லை, மேலே இருந்து அழுத்திக் கொடுத்த கை மெலிந்துவிட்டது. நம்மில் பலர் வாழ்க்கையில் ஏறிய முதல் 25 அடியும் இப்படித்தான். அம்மா விடியலில் கட்டிக் கொடுத்த சோறு, அப்பா அடகு வைத்த தோடு, பக்கத்து வீட்டு அக்கா சொல்லிக் கொடுத்த கணக்கு. அதை நம் சொந்த இழுப்பு என்று நினைத்துக்கொண்டு, அந்தக் காற்று இல்லாத இடத்தில் நின்று மூச்சு வாங்குகிறவரைப் பார்த்து முயற்சி போதாது என்கிறோம்.

நானும் அப்படிப் பேசியவன்தான். நான் தேர்ந்த பிறகு பட்டறையில் என் கீழ் இரண்டு பையன்கள் சேர்ந்தார்கள். ஒருவனுக்கு வீடு அடுத்த தெரு. எட்டரை மணிக்கு டாணென்று வந்து நிற்பான், வேலையும் சுறுசுறுப்பு. இன்னொருவன் 11 கிலோமீட்டர் சைக்கிள் மிதித்து ஒன்பதரைக்கு வருவான். வந்ததும் கொஞ்ச நேரம் கை ஓடாது. ஒரு நாள் வாடிக்கையாளர்கள் முன்னாலேயே அவனைத் திட்டிவிட்டேன். “அவனைப் பாத்துக் கத்துக்க” என்றேன். அவன் ஒன்றும் பேசவில்லை. மறுநாள் வரவில்லை.

சாயங்காலம் மேஸ்திரி என்னிடம் அவன் வாரக் கூலியைக் கொடுத்து, “வீட்ல குடுத்துட்டு வா” என்றார். பிறகு, “போற இடத்துல எத்தனை அடி ஹெட்டுன்னு பாத்துட்டு வா” என்றார்.

மறுநாள் காலை ஏழு மணிக்குப் போய்ச் சேர்ந்தேன். திண்ணையில் கயிற்றுக் கட்டிலில் அவன் அப்பா படுத்திருந்தார், ஒரு பக்கம் விழுந்துபோன உடம்பு. அவன் நான்கு மணிக்கே எழுந்து இரண்டு மாட்டில் பால் கறந்து ஊற்றிவிட்டு வந்திருந்தான். அடுப்பில் ராகிக்களி. வாசற்படியில் தங்கையை உட்கார வைத்துப் பள்ளிக்கூடத்துக்குத் தலை பின்னிக்கொண்டிருந்தான். நகக்கண்ணில் முந்தாநாள் கிரீஸ் அப்படியே இருந்தது. ரிப்பனைப் பல்லில் கடித்துக்கொண்டு, “வாங்கண்ணா” என்றான். கூலியை நீட்டிவிட்டுத் தலை குனிந்து நின்றேன். அந்தத் திண்ணையில் நான் பட்ட வெட்கம் இன்றைக்கும் அப்படியே இருக்கிறது.

திரும்பி வந்து சொன்னேன். மேஸ்திரி இரக்கப் பேச்சு எதுவும் பேசவில்லை. பம்புக்குச் செய்வதைத்தான் அவனுக்கும் செய்தார்.

தம்பி தோட்டத்தில் என்ன செய்தோம் தெரியுமா? கிணற்றின் ஆழத்தை யாராலும் குறைக்க முடியாது. மேட்டைத் தாழ்த்த முடியாது. ஆனால் குழாயைப் போட்டது மனிதன். அதை மாற்றலாம். இரண்டரை அங்குலத்தை எடுத்துவிட்டு மூன்று அங்குலம் போட்டோம். அரை அங்குலம்தானே என்று நினைக்காதீர்கள். ஒரே அளவு தண்ணீருக்கு உராய்வு இரண்டரை மடங்கு குறைந்துவிடும். ஆறு வளைவில் நான்கை நேராக்கினோம். தண்ணீருக்குள் குழாயின் அடிநுனியில் இருக்கும் ஃபுட் வால்வின் சல்லடை அடைத்துக் கிடந்தது, அதைச் சுத்தம் செய்தோம். பம்பில் ஒரு போல்ட்டைக்கூடத் தொடவில்லை. தண்ணீர் கூடியது. அண்ணன் தோட்டத்து அளவுக்கு வராது, வரவும் வேண்டியதில்லை. மேட்டுக் காடு நனைந்தது.

பையனுக்கும் அதுதான் நடந்தது. அவன் வேலை நேரத்தைப் பத்து மணி முதல் என்று மாற்றினார் மேஸ்திரி. அவன் ஊர் வழியாகப் போகும் பால் வண்டிக்காரரிடம் பேசி, வரும்போது ஏற்றிவர ஏற்பாடு செய்தார். கடைக்கும் பட்டறைக்கும் அலையும் வேலையை நிறுத்தி, ஒரே இடத்தில் உட்கார்ந்து வைண்டிங் கட்டும் வேலையைக் கொடுத்தார். ஆறே மாதம். அவன் கட்டிய மோட்டார் எரிந்து திரும்பி வந்தது என்ற பேச்சே இல்லை. அவன் வீட்டுக் கஷ்டம் ஒரு அடிகூடக் குறையவில்லை. நாங்கள் போட்டு வைத்திருந்த வளைவுகள்தான் குறைந்தன.

இதைத்தான் நான் சொல்ல வருகிறேன். ஒருவர் தலையெழுத்தாக வந்த ஆழம் நம் கையில் இல்லை. ஆனால் வீட்டிலும் அலுவலகத்திலும் நாம் அவருக்குப் போட்டு வைத்த குறுகின குழாயும் தேவையில்லாத வளைவும் நம் கையில் இருக்கின்றன. மருமகள் ஒரு வார்த்தை மாமியாரிடம் சொல்ல மகனைச் சுற்றி, மகளைச் சுற்றி வரவேண்டியிருந்தால், அது வளைவு. வேலை செய்கிறவன் ஒரு நாள் விடுப்புக் கேட்க நான்கு பேர் முகத்தைப் பார்க்க வேண்டியிருந்தால், அதுவும் வளைவு.

மேடு தெரியவில்லை என்பதால் சுமையே இல்லை என்றும் நினைத்துவிடக் கூடாது. மட்டமான நிலத்தில் சொட்டுநீர் போடுகிறோம். சொட்டும் துளையில் ஒரு கிலோ அழுத்தம் வேண்டும் என்றால் அது 10 மீட்டர் உயரத்துக்குச் சமம். கண்ணுக்கு ஒரு மேடும் தெரியாது. பம்புக்குத் தெரியும். ‘அவருக்கென்ன, மாதச் சம்பளம், சொந்த வீடு’ என்று சொல்லும்போதெல்லாம் இதை நினைத்துக்கொள்ளுங்கள்.

சுமை குறைந்தால் நல்லது என்பதும் முழு உண்மை அல்ல. பயந்துகொண்டு தேவைக்கு மீறிய ஹெட் உள்ள பம்பை வாங்கி மேலாகத் தண்ணீர் நிற்கும் கிணற்றில் மாட்டினால், அது கட்டுக்கு மீறித் தண்ணீரைக் கொட்டும், மோட்டாரில் லோடு ஏறும், காயில் கருகும். நான் பட்டறையை விட்டு வீட்டில் உட்கார்ந்தபோது பிள்ளைகள் அன்போடு ஒரு வேலையும் செய்ய விடவில்லை. மூன்று மாதத்தில் எரிச்சலும் தூக்கமின்மையும் வந்தன. ஊர்ப் பையன்களுக்கு ஞாயிற்றுக்கிழமைகளில் வைண்டிங் சொல்லிக் கொடுக்க ஆரம்பித்த பிறகுதான் உடம்பு நிலைக்கு வந்தது. பெரியவர்களுக்கு ஓய்வு கொடுக்கிறவர்கள் அவர்கள் தாங்கக்கூடிய அளவு ஒரு வேலையையும் விட்டு வையுங்கள்.

கடைசியாக ஒன்று. ஒரு தடவை அளந்தால் போதாது. தையில் 15 அடியில் நிற்கும் தண்ணீர் சித்திரையில் 24 அடிக்கு இறங்கிவிடும். பம்பு அதேதான், தண்ணீர் குறையும். இருபது வருடம் கூட வாழ்ந்த மனைவி முன்பு போல் சட்டென்று எழுந்து வருவதில்லை, பரபரவென்று இருந்த நண்பர் போன் எடுப்பதில்லை என்று குறைப்படும்போது, மாறியது அவர்தானா, அவருக்குக் கீழே தண்ணீர் இறங்கிவிட்டதா என்று பார்க்க வேண்டும்.

மேஸ்திரி காலமாகி வெகுகாலம் ஆகிறது. அந்த முடிச்சுக் கயிறு நைந்துபோய் என் வீட்டில் ஆணியில் தொங்குகிறது. ஆழ்துளைக் கிணறும் நீர்மூழ்கி மோட்டாரும் வந்த பின் அதற்கு வேலை இல்லை. பேரப்பிள்ளைகள் யாரையாவது சோம்பேறி என்றோ திறமை இல்லாதவர் என்றோ என் முன்னால் சொல்லும்போது அந்தக் கயிற்றைக் கையில் கொடுத்துவிடுகிறேன். முதலில் இறக்கிப் பார். இறக்கும்போது பேசாதே. கல் தண்ணீரைத் தொடும் சத்தம் கேட்கும் வரைக்கும் பொறுத்திரு.