இரண்டு சாட்சிகள்

பழைய காலத்து மோட்டார் வண்டிகள் மனம் விட்டுப் பேசும். உடம்புக்கு ஆகாவிட்டால் இருமும், பெருமூச்சு விடும், மூக்கால் புகையும் வாயால் நீராவியும் விட்டு, நடுரோட்டில் உட்கார்ந்துகொண்டு, ஊரைக் கூட்டி நியாயம் கேட்கும். கூட்டுக் குடும்பத்து மருமகளைப்போல் அவற்றின் மனத்தாங்கல் நாலு வீதிக்குத் தெரிந்துவிடும். இந்தக் காலத்து வண்டிகள் அப்படியல்ல. பெரிய இடத்துப் பிள்ளைகளைப்போல் இவை வாய் திறப்பதில்லை. ஓட்டுகிறவருடைய கண்ணெதிரே ஒரு சின்ன விளக்கை ஏற்றி வைத்துவிட்டு மௌனமாகிவிடுகின்றன. பிறகு உங்கள் பாடு, உங்கள் பணத்தின் பாடு.

அந்த விளக்குகளிலும் ஜாதி உண்டு. பச்சையும் நீலமும் வெறும் சேதி சொல்வதற்கு. சிவப்பு என்றால், ‘உடனே நில்’ என்று பொருள். இவை இரண்டுக்கும் நடுவில் இருப்பது மஞ்சள். ‘போகலாம், ஆனால் கவனிக்கவேண்டிய விஷயம் ஒன்று இருக்கிறது’ என்பது அதன் சேதி. சிவப்புக்கு நாம் பயப்படுகிறோம். பச்சையைக் கண்டு மகிழ்கிறோம். மஞ்சளைக் கண்டால் மட்டும், ‘பார்த்துக்கொள்ளலாம்’ என்கிறோம். உலகத்துத் துன்பங்களில் பாதி, மஞ்சள் விளக்கு எரிந்துகொண்டிருந்த காலத்தில் பார்த்துக்கொள்ளாமல் விட்டவைதாம் என்பது என் அபிப்பிராயம்.

என் அத்தான் சேலத்தில் ஒரு பெரிய வண்டி வைத்திருக்கிறார். ஜீப்புக்கு அண்ணன், வேனுக்குத் தம்பி என்று சொல்லத்தக்க உயரமான வண்டி. எஸ்.யு.வி. என்பார்கள். உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்ற கையோடு வாங்கியது. அதன் முன்பலகையில் ஒரு நாள் இஞ்சின் படம் போட்ட மஞ்சள் விளக்கு எரிந்தது. கூடவே, இஞ்சின் சக்தி குறைக்கப்பட்டிருக்கிறது என்று ஒரு வாசகமும் வந்தது. அத்தான் ஒரு பட்டறைக்கு ஓட்டிப் போனார். பட்டறையின் பெயர் வேண்டாம். அங்கே ஒரு கருவியைச் சொருகி, விளக்கை அணைத்து, பணம் வாங்கிக்கொண்டு அனுப்பிவிட்டார்கள். பத்து நாள் கழித்து மறுபடியும் எரிந்தது. மறுபடியும் அணைத்தார்கள். மூன்றாம் முறை, ‘முழுசாக ஓர் உறுப்பையே மாற்றவேண்டும்’ என்று ஐந்திலக்கத் தொகை ஒன்றைச் சொன்னார்கள். அத்தான் யோசித்தார். வீட்டுக்கு வந்து, கறுப்பு டேப் ஒன்றைக் கத்தரித்து விளக்கின்மேல் ஒட்டிவிட்டார். சிக்கனத்தில் அவர் மகா கெட்டிக்காரர்.

அந்த வண்டியில்தான் அக்காளை அழைத்துக்கொண்டு நாங்கள் பெங்களூருக்குப் புறப்பட்டோம். மறுநாள் காலை அக்காளுக்கு அங்கே கண்ணில் ஆபரேஷன். அவளுடைய பெரிய மகன் அந்த ஊரில் இருக்கிறான். துணைக்கு நானும் வரவேண்டும் என்று அக்காள் பிரியப்பட்டதால் பின் ஸீட்டில் எனக்கும் இடம் கிடைத்தது.

ஓமலூர் தாண்டித் தொப்பூர் வருகிற வரையில் பிரயாணம் சுகமாகவே இருந்தது. தொப்பூர்க் கணவாயை அறியாத வாசகர்களுக்கு ஒரு வார்த்தை. ஸ்ரீநகரிலிருந்து கன்னியாகுமரி வரையில் போகிற 44-ஆம் நம்பர் தேசிய நெடுஞ்சாலை, தர்மபுரியிலிருந்து சேலத்துக்கு இறங்குகிற இடம் அது. 2010-இல் நம்பர்களை மாற்றுவதற்கு முன் ஏழாம் நம்பர் சாலை என்று வழங்கியது. இறங்குகிற லாரிகளில் சில, டீசலை மிச்சம் பிடிக்க எண்ணிக் கியரை விடுத்து நியூட்ரலில் உருண்டு வரும். பாரமோ பல டன். பிரேக் சூடேறிப் பிடிப்பிழந்துவிட்டால் முன்னால் போகிற வண்டிகளின் கதி அதோகதிதான். 2020 டிசம்பரில் ஒரே விபத்தில் பல வண்டிகள் நொறுங்கி நாலு பேர் இறந்தார்கள். 2024 ஜனவரியிலும் அதே கணவாயில் நாலு பேர்.

நாங்கள் இறங்கவில்லை, ஏறிக்கொண்டிருந்தோம். ஆனால் ஏற்றத்திலும் ஒரு தர்மம் உண்டு. முன்னால் பாரவண்டி ஆமையாக ஊரும். அதைத் தாண்டிப் போகவேண்டுமானால் இஞ்சினுக்குச் சக்தி வேண்டும். அத்தான் வலப்புறம் ஒதுங்கி, பெடலை நன்றாக மிதித்தார். வண்டி ஒரு குலுக்குக் குலுக்கியது. பிறகு, காற்றுப் போன பலூனைப்போல் அடங்கிவிட்டது. எவ்வளவு மிதித்தாலும் நடை வேகத்துக்குச் சற்று மேல், அவ்வளவுதான். பின்னால் ஒரு பஸ் பாம்பாய்ச் சீறியது. இடப்புறம் லாரி. அத்தானின் கழுத்தில் வேர்வை ஓடுவதைப் பின்னாலிருந்து பார்த்தேன்.

“என்னங்க, வண்டி அழுதுகிட்டே போற மாதிரி இருக்கு?” என்றாள் அக்காள்.

அத்தான் பதில் சொல்லவில்லை. நான் ஜன்னல் வழியே கையை நீட்டிப் பின்னால் வந்தவர்களுக்கெல்லாம் ஜாடை காட்டினேன். நாலு விளக்குகளும் மினுக்க, இடப்புற ஓரத்தைப் பிடித்து, மேட்டைக் கடந்து, சுங்கச் சாவடியையும் தாண்டி, நல்லம்பள்ளிக்கு வந்து சேர்ந்தோம். வந்த தூரம் சில மைல்தான். ஆனால் அத்தனை நேரமும் பின்னால் வந்த ஒவ்வொரு லாரியின் ஹார்னையும் நான் எமதர்மராஜனின் எருமைக் கனைப்பாகவே கேட்டேன்.

நல்லம்பள்ளி நெடுஞ்சாலையை ஒட்டிய ஊர். இன்னும் சற்றுத் தூரம் போனால் அதியமான்கோட்டை. ஔவைக்கு நெல்லிக்கனி கொடுத்த அதியமானுடைய பெயரை இன்னமும் சுமந்து நிற்கும் ஊர். சாலையோரத்தில் புளியமரம் ஒன்று. அதன் நிழலில் ஒரு மெக்கானிக் கடை. நாற்பது வயது மதிக்கத்தக்க மனிதர் ஒருவர் கையைத் துடைத்துக்கொண்டே வந்தார். வண்டியைப் பார்ப்பதற்கு முன்னால் அந்தக் கறுப்பு டேப்பைப் பார்த்துவிட்டார். வைத்தியர் நாக்கைப் பார்ப்பதுபோல் அதையே சற்று நேரம் பார்த்தார்.

“இதை அணைச்சுக் குடுத்துட்டாப் போதும். நாளைக்குக் காலையிலே ஆஸ்பத்திரியிலே இருக்கணும்” என்றார் அத்தான்.

“அணைக்க அரை நிமிஷம் போதுங்க. பாட்டரி ஒயரைக் கழட்டி மாட்டினாக்கூடச் சில வண்டியிலே அணைஞ்சிடும். ஆனா அம்மாவை வெச்சுக்கிட்டு நூத்தம்பது கிலோமீட்டர் போகணுமே! விளக்கு அணைஞ்சா வியாதி போயிடுமா?” என்றார் அவர்.

அத்தான் வாய் திறக்கவில்லை. அக்காள் கீழே இறங்கிக் கடைப் பெஞ்சில் உட்கார்ந்தாள்.

மெக்கானிக் ஸ்டியரிங்குக்கு அடியில் குனிந்து, பதினாறு ஊசி கொண்ட ஒரு துவாரத்தில் தம்முடைய கருவியைச் சொருகினார். அமெரிக்காவில் 1996-ஆம் வருஷத்து மாடல்கள் முதல் எல்லாக் கார்களுக்கும் கட்டாயமான துவாரம் அது. இப்போது நம் நாட்டுக் கார்களிலும் இருக்கிறது. வண்டி தன் நோவைக் குறியீடாக எழுதி வைத்திருக்கும். கருவி அதைப் படித்துச் சொல்லும். ‘பி 2138’ என்று வந்தது.

அதன் பொருளை அவர் விளக்கியபோது, கதை எழுதுகிறவனாகிய எனக்குக் கதையைவிடச் சுவாரஸ்யமாக இருந்தது. முன்பெல்லாம் பெடலிலிருந்து இஞ்சின் வரையில் ஓர் இரும்புக் கம்பி ஓடும். மிதித்தால் கம்பி இழுக்கும்; காற்று போகிற வழியில் உள்ள தட்டு திறக்கும். சைக்கிள் பிரேக் மாதிரி எளிய விஷயம். இப்போது கம்பி இல்லை. காலால் மிதிப்பது வெறும் விண்ணப்பம். பெடலில் உள்ள உணர்கருவி, ‘இவர் இவ்வளவு மிதித்தார்’ என்று மின்சாரத்தால் சொல்லும். வண்டிக்குள் இருக்கும் கம்ப்யூட்டர் அதைப் பரிசீலித்து, ஒரு சிறு மோட்டாரைக் கொண்டு தட்டைத் திறக்கும்.

மின்சார விண்ணப்பத்தை அப்படியே நம்பலாமா? கூடாது. ஆகையால் பெடலில் ஓர் உணர்கருவிக்குப் பதில் இரண்டு வைத்திருக்கிறார்கள். இரண்டும் தனித்தனியே சாட்சி சொல்லவேண்டும். அவருடைய கணக்கில் அந்த வண்டியில் ஒன்று இரண்டு வோல்ட் காட்டினால் மற்றொன்று அதில் பாதி, அதாவது ஒரு வோல்ட் காட்டவேண்டும். எவ்வளவு மிதித்தாலும் அந்த விகிதம் மாறக்கூடாது. மாறினால் ஒரு சாட்சி பொய் சொல்கிறது. எந்தச் சாட்சி என்பது கம்ப்யூட்டருக்குத் தெரியாது. அப்போது அது என்ன செய்யும்? இரண்டையும் முழுதாக நம்பாமல், ‘வீடு போய்ச் சேர்கிற அளவுக்கு மட்டும் சக்தி தருகிறேன்’ என்று தீர்மானித்துவிடும். விளக்கையும் ஏற்றிவிடும். ‘பி 2138’ என்பது, ‘பெடலின் இரண்டு சாட்சிகளும் ஒத்துவரவில்லை’ என்னும் வழக்கின் நம்பர்தான்.

அப்படியானால் கணவாயில் எங்களைத் தவிக்க விட்டது கோளாறு அல்ல, காவல்! மிதிக்காதபோது வண்டி தானாகச் சீறிப் பாய்வதைக் காட்டிலும், மிதித்தபோது பாயாமல் இருப்பது மேல் என்று அதை அமைத்தவர்கள் முடிவு செய்திருக்கிறார்கள். காரணம் இல்லாமல் இல்லை. 2009 ஆகஸ்டில் அமெரிக்காவில் ஸான் டியாகோ அருகே, வேறு வண்டிக்கு உரிய தரைவிரிப்பில் பெடல் சிக்கிக்கொண்டு, ஒரு கார் கட்டுக்கடங்காமல் ஓடி நாலு பேர் மாண்டார்கள். அதையொட்டி டொயோட்டா கம்பெனி லட்சக்கணக்கான கார்களைத் திரும்ப அழைத்தது. மின்சாரப் பெடல்தான் குற்றவாளியோ என்று உலகமே சந்தேகித்தது. கடைசியில் நாஸா விஞ்ஞானிகளைக் கொண்டு ஆராய்ந்தார்கள். அப்படிப்பட்ட ஓட்டங்களுக்கு மின்சாரக் கோளாறு காரணம் என்பதற்கு அத்தாட்சி கிடைக்கவில்லை என்று 2011 பிப்ரவரியில் முடிவு வெளியாயிற்று. மின்சாரம் தப்பிற்று, விரிப்பும் ஒட்டிக்கொள்ளும் பெடலும் மாட்டிக்கொண்டன.

“அப்போ, அந்தப் பட்டறைக்காரங்க சொன்ன மாதிரி பெடலையே மாத்தணுமா?” என்று கேட்டார் அத்தான்.

“குறியீடு வியாதி பேரைச் சொல்லும், காரணத்தைச் சொல்லாதுங்க” என்றார் மெக்கானிக். “சாட்சி பொய் சொல்லுதா, இல்லே சாட்சி நெசத்தைச் சொல்லியும் நடுவிலே யாராச்சும் மாத்திடறாங்களான்னு பாக்கணும்.”

பையனை விட்டுப் பெடலை மெல்ல மெல்ல அமுக்கச் சொன்னார். கருவியின் திரையில் இரண்டு எண்கள் ஏறின. ஒன்று சீராக ஏறியது. மற்றொன்றும் சீராகவே ஏறியது. கோளாறே இல்லை. பிறகு அவர் பெடலிலிருந்து போகிற ஒயர்க் கட்டைக் கையால் பிடித்து அசைத்தார். இரண்டாவது எண் துள்ளிக் குதித்தது! “பெடல் நல்லாத்தான் இருக்கு. ஒயரிலேதான் விவகாரம்” என்றார்.

கட்டைப் பிரித்துக்கொண்டே போனார். உட்புறத் தகடு ஓரமாக வளைகிற இடத்தில் குற்றவாளியின் கைரேகை கிடைத்தது. பல்ரேகை என்று சொல்லவேண்டும். எலி கடித்திருந்தது. மேல் உறை போய், உள்ளே நாலைந்து இழைகள் மட்டும் ஒட்டிக்கொண்டிருந்தன. வண்டி நின்ற நிலையிலும் சமதரையிலும் அந்த இழைகள் போதும். மேட்டில் இஞ்சின் அதிர்ந்து, வண்டி குலுங்கும்போது இழை விலகிவிடும், சாட்சி பிறழ்ந்துவிடும். பட்டறையில் நிறுத்திப் பார்த்தபோதெல்லாம் நல்ல பிள்ளையாக இருந்த மர்மம் இப்போது விளங்கிற்று.

அடிபட்ட பகுதியை வெட்டி, புது ஒயர்த் துண்டு வைத்து, ஈயம் காய்ச்சிப் பற்றவைத்து, சூட்டில் சுருங்குகிற உறையை மாட்டினார். டேப் சுற்றவில்லை. அத்தானைப் பார்த்தபடியே, “டேப்பு எனக்குப் பிடிக்காதுங்க” என்றார்.

இந்த வைத்தியம் நடந்துகொண்டிருந்தபோதுதான் அக்காள் பெஞ்சிலிருந்தபடி சொன்னாள்:

“எனக்கும் இப்படித்தான் தம்பி. ஒரு வருஷமா ரெண்டு கண்ணும் ரெண்டு விதமாச் சொல்லுது. வலது கண்ணுக்கு வாசப்படி ஒரு இடத்திலே இருக்கு. இடது கண்ணுக்குப் புகை மூட்டம். எதை நம்பறது? அதனாலேதான் மெதுவா நடக்கறேன். உங்க அத்தான், ‘உனக்கு வயசாயிடுச்சு’ன்னாரு.”

அவள் குறையாகச் சொல்லவில்லை. வண்டியின் நியாயம் தன் நியாயமாக இருப்பதைக் கண்டு பிடித்துவிட்ட சந்தோஷத்தில் சொன்னாள். அத்தான் மட்டும் எழுந்து புளியமரத்தின் மறுபக்கம் போய், வெகு நேரம் சாலையைப் பார்த்துக்கொண்டு நின்றார். அந்த முதுகைப் பார்த்தபோது, இந்த மனிதர் டேப் ஒட்டியது வண்டியில் மட்டும்தான் என்று இனிமேல் நினைக்கமாட்டார் என்று தோன்றியது.

வேலை முடிந்ததும் மெக்கானிக் குறியீட்டை அழித்தார். அதோடு விட்டாரா? விடவில்லை. அத்தானைப் பக்கத்தில் உட்காரவைத்து, தாமே ஓட்டிப் போய், மேடு பள்ளமெல்லாம் குலுக்கிவிட்டு வந்து, மறுபடியும் கருவியைச் சொருகிப் பார்த்தார். குறியீடு திரும்பவில்லை. அதற்குப் பிறகுதான் கூலி சொன்னார். அறுநூறு ரூபாய்.

புறப்படும்போது அவர் சொன்ன யோசனைகளை வாசகர்களுக்கும் சொல்லிவிடுகிறேன், யாருக்காவது உதவும். வண்டி சக்தி இழந்தால் மேலும் மேலும் மிதிக்கவேண்டாம். நாலு விளக்கையும் மினுக்கவிட்டு, ஓரம் கட்டவேண்டும். மஞ்சள் விளக்கு நிலையாக எரிந்தால் மெதுவாகப் போய்க் காட்டலாம். இஞ்சின் விளக்கு விட்டுவிட்டு மின்னினால் இஞ்சினில் எரியாத பெட்ரோல் வெளியே போய்ப் புகைச் சுத்திகரிப்பானைப் பாழாக்கும் என்று கொண்டு, நிறுத்திவிடுவது உத்தமம். குறியீட்டை அழிப்பதற்கு முன் குறித்துக்கொள்ளவேண்டும். நோயாளியின் வாக்குமூலம் அது. பெரிய உறுப்பை மாற்றச் சொன்னால், முதலில் ஒயரையும் இணைப்பையும் பிரேக் பெடலுக்கு அடியில் உள்ள சிறு ஸ்விட்சையும் பார்த்தாயிற்றா என்று கேட்கவேண்டும். பல வண்டிகளில் அந்தச் சிறு ஸ்விட்சே இந்த விளக்கை ஏற்றிவிடுமாம்.

அக்காளுக்கு ஆபரேஷன் நல்லபடி நடந்தது. இரண்டு வாரம் கழித்து அவளை அழைத்துக்கொண்டு அதே சாலையில் திரும்பினோம். கறுப்புக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு அவள் முன் ஸீட்டில் உட்கார்ந்திருந்தாள். இறக்கம் தொடங்கியதும், சாலையோரத்தில் இருந்த எச்சரிக்கைப் பலகைகளை ஒன்றுவிடாமல் சத்தம் போட்டுப் படித்துக்கொண்டே வந்தாள். வேகத்தைக் குறை என்று படித்தாள், குறைத்தார். கியரில் இறங்கு என்று படித்தாள், கியரை மாற்றினார். முப்பது வருஷத்து இல்லற வாழ்க்கையில் அத்தான் அவள் சொன்னதை இவ்வளவு வரிசையாகக் கேட்டு நான் பார்த்ததில்லை.