அவரும் குதிரை ஏறினார்

ஹெர்ப் ஜெஃப்ரிஸ் நடித்த 'தி ப்ரோன்ஸ் பக்கரூ' படத்தை ஒரு ராத்திரி தூக்கம் வராமல் பார்த்தேன். 1939இல் வந்த படம். ஒரு மணி நேரம்கூட ஓடாது. காணாமல் போன நண்பன், அவன் நிலத்துக்கு அடியில் தங்கம், அதை அபகரிக்கத் துடிக்கும் வில்லன். நடுவில், பேசும் கோவேறு கழுதை என்று சொல்லி ஒருவன் தலையில் கட்டும் காமெடி. கடைசியில் துப்பாக்கிச் சண்டை. எல்லாம் பார்த்துச் சலித்த சமாச்சாரம். ஆனால் நாயகன், நாயகி, வில்லன், அடியாள் என்று திரையில் வருகிற அத்தனை பேரும் கறுப்பர்கள்.

ஜெஃப்ரிஸ் டெட்ராய்ட்காரர். ஏர்ல் ஹைன்ஸின் ஜாஸ் குழுவில் பாடிக்கொண்டிருந்தவர். தெற்கு மாநிலங்களுக்குக் கச்சேரி செய்யப் போனபோது, கறுப்பர்களுக்கென்று ஒதுக்கிய கொட்டகைகளிலும் வெள்ளைக்கார கௌபாய் படங்களே ஓடுவதைக் கண்டார். அந்தப் படங்கள் காட்டும் காலத்தில் மாடு ஓட்டிய நிஜ கௌபாய்களில் ஏறத்தாழ நாலில் ஒருவர் கறுப்பர் என்பது வரலாற்றாசிரியர்கள் பலர் சொல்லும் கணக்கு. சினிமாவில் அவர்களுக்குக் குதிரையே கிடைக்கவில்லை.

ஜெஃப்ரிஸ், ஜெட் பியூல் என்ற தயாரிப்பாளரைப் பிடித்தார். குரல் இருந்தது, குதிரை ஏறவும் தெரியும். நிறம்தான் இடித்தது. அவருடைய அம்மா ஐரிஷ் வம்சம். கறுப்பு நாயகனுக்கு இவர் கறுப்பு போதாது என்று தயங்கினார்கள்! வெள்ளையர் என்று சொல்லிக்கொண்டிருந்தால் எத்தனையோ கதவுகள் திறந்திருக்கும். அவரோ முகத்தில் கருமை பூசிக்கொண்டு காமிரா முன் நின்றார். 1937இல் 'ஹார்லம் ஆன் தி ப்ரெய்ரி' வெளியானது. பேசும்படக் காலத்தில், முழுக்கக் கறுப்பர்களே நடித்த முதல் கௌபாய் படம் அது. அடுத்த இரண்டு வருடங்களில் இன்னும் மூன்று.

பிறகு டியூக் எலிங்டன் குழுவுக்குப் போனார். அங்கே 1940இல் பதிவான 'ஃபிளமிங்கோ' பாட்டு அவரைப் பெரிய பாடகராக்கியது. கௌபாய் ஜெஃப்ரிஸை ஊர் வெகுகாலம் மறந்திருந்தது. 2004இல்தான் ஹாலிவுட் நடைபாதையில் அவர் பெயருக்கு நட்சத்திரம் பதித்தார்கள். பத்து வருடம் கழித்து, நூறு வயதைத் தொட்டுவிட்ட நிலையில் காலமானார்.

அந்த நாலு படங்களும் காவியங்கள் அல்ல. சிக்கனமாக, அவசரமாக எடுத்தவை. அதனால் என்ன? வெள்ளைக்கார நடிகர்கள் நூற்றுக்கணக்கான சுமார் படங்களில் குதிரை ஏறி, வில்லனை அடித்து, பாட்டுப் பாடி வீடு திரும்பினார்கள். அவர்களிடம் யாரும் காவியம் கேட்கவில்லை. சுமாரான படத்தில் ஹீரோவாக இருப்பதும் ஓர் உரிமைதான். அதைத் தன் மக்களுக்கு முதலில் வாங்கிக் கொடுத்தவர் ஜெஃப்ரிஸ்.